மூன்றாவது மாடி பால்கனியில் உரத்தொட்டி சரிப்படுமா? கேரி பேக் குவியலை என்ன செய்வது?

மாடிவீட்டுக்காரி (மடிப்பாக்கம்):

வணக்கம். இரண்டு கேள்விகள், இரண்டும் குப்பையைப் பற்றியவை.

எங்கள் வீடு மடிப்பாக்கத்தில் மூன்றாவது மாடி. பன்னிரண்டு வீடுகள், லிஃப்ட் கிடையாது. வீட்டில் நான், கணவர், மாமியார், ஐந்தாவது படிக்கும் பையன். பெருங்குடி குப்பைக் கிடங்கு எங்களுக்குப் பக்கம். 2022 ஏப்ரலில் அங்கே தீப்பிடித்து நாள்கணக்கில் புகைந்தபோது ஜன்னலைத் திறக்க முடியாமல் உட்கார்ந்திருந்தோம். "நாம கொட்டினதுதானே, நமக்கே திரும்பி வருது" என்று அப்போது சொன்னவர் மாமியார். அந்த ஒரு வாக்கியத்தைப் பிடித்துக்கொண்டு இப்போது அவரிடம் பேச்சுவார்த்தை நடத்துகிறேன். பால்கனியில் ஓர் உரத்தொட்டி வைக்க அனுமதி வேண்டும். புழு வரும், நாற்றமடிக்கும், ஒழுகிக் கீழ்வீட்டுக்காரர் துணியில் சொட்டும் என்கிறார். எனக்கும் ஒன்றும் தெரியாததால் எதிர்த்துப் பேச முடியவில்லை.

பால்கனி நாலடிக்கு ஒன்பதடி. ஒரு ஓரம் வாஷிங் மெஷின், இன்னொரு ஓரம் துளசியும் கற்றாழையும். மாலை வெயில் நேராக விழும். எங்கள் மக்கும் குப்பை என்றால் காய்த்தோல், காபி ஃபில்டர் சக்கை, தேங்காய் நார், பூஜைப் பூ, முட்டை ஓடு, மிச்சம் மீதி சோறு. ஞாயிற்றுக்கிழமை மீனோ கோழியோ உண்டு.

அடுத்தது கேரி பேக். 2019 ஜனவரி 1 முதல் தமிழ்நாட்டில் தடை. எங்கள் தெருவுக்கு அந்தச் சேதி வந்து சேரவில்லை போலிருக்கிறது. கறிக்கடையில் கறுப்புக் கவர், தள்ளுவண்டியில் வெள்ளைக் கவர், பரோட்டாவுக்குச் சால்னா முடிந்து தரும் குட்டிக் கவர். எல்லாவற்றையும் மடித்து சிங்க்குக்குக் கீழே ஒரு பெரிய கவருக்குள் செருகி வைத்திருக்கிறேன். தினமும் குப்பைக்கூடைக்குள் விரிக்க ஒன்று வேண்டுமே என்று தூக்கிப்போடவும் மனம் வருவதில்லை. ஆனால் வருவது அதிகம், போவது குறைவு. மஞ்சப்பைக்குப் பஞ்சமில்லை. கல்யாணத் தாம்பூலத்தில் வந்தவை பீரோவில் அடுக்கியிருக்கின்றன. நான் காய்கறி வாங்கும்போதும் அவை பீரோவில்தான் இருக்கின்றன.

அனுபவம் உள்ளவர்கள் சொல்லுங்கள். காசு கொடுத்து, உரம் போடவென்றே விற்கிற அந்த அடுக்கு மண்பானையை வாங்குவதற்கு முன் தெரிந்துகொண்டால் நல்லது.

சந்தேகப்பேர்வழி:

நல்ல எண்ணம்தான் அம்மா. ஆனால் ஒன்று கேட்கிறேன், கோபித்துக்கொள்ளாதீர்கள். எங்கள் தெருவில் பச்சைக் கூடை, நீலக் கூடை என்று ஒழுங்காகப் பிரித்துக் கொடுத்தோம். வண்டிக்காரர் என் கண்முன்னாலேயே இரண்டையும் ஒரே தொட்டியில் கவிழ்த்தார். கேட்டதற்கு "மேல பிரிச்சுக்குவாங்க சார்" என்றார். மேலே என்றால் எங்கே? அப்புறம் நாங்கள் எதற்கு மெனக்கெட வேண்டும்? நீங்கள் பால்கனியில் புழு வளர்த்தால் பெருங்குடி மேடு குறைந்துவிடுமா?

மாவுக்கார அக்கா (மேற்கு மாம்பலம்):

சந்தேகப்பேர்வழி சார் கேட்டதிலிருந்தே ஆரம்பிக்கிறேன். மாடிவீட்டுக்காரியின் இரண்டு கேள்விக்கும் பதில் அதில் இருக்கிறது.

வண்டியில் கலந்துவிடுகிறார்கள், சரி. கலந்தால் கெடுவது எது? நேற்றைய சாம்பார் அட்டைப் பெட்டியில் ஊறுகிறது, பால் கவரில் ஒட்டுகிறது, பழைய பேப்பரை நனைக்கிறது. நல்ல விலைக்குப் போகவேண்டிய சரக்கு எல்லாம் அதோடு குப்பையாகிவிடுகிறது. ஈரத்தை வீட்டிலேயே நிறுத்திவிட்டால் வண்டி ஏறுவது காய்ந்த குப்பை மட்டும். அதை யார் எப்படிக் கலந்தாலும் திரும்பப் பிரித்து எடுக்கலாம். நம் ஊர் வீடுகளின் குப்பையில் பாதிக்கு மேல் அடுப்படிச் சமாச்சாரம். அதுதான் கிடங்கில் காற்றில்லாமல் அடியில் கிடந்து அழுகி மீத்தேன் வாயுவாகிறது. கிடங்கு அடிக்கடி தீப்பிடிப்பதற்கும், ஒரு முறை பிடித்தால் லேசில் அணையாததற்கும் அது ஒரு பெரிய காரணம்.

அடுத்து கவர். நாம் எதற்காக அதை மடித்து மடித்துச் சேர்க்கிறோம்? ஈரக் குப்பையைக் கட்டிப் போடுவதற்கு. கூடையில் ஈரம் இல்லை என்றால் உள்ளே கவர் விரிக்க வேண்டாம். விரிக்க வேண்டாம் என்றால் "இருக்கட்டும், குப்பைக்கு ஆகும்" என்று கடைக்காரரிடம் கை நீட்டவும் தோன்றாது. இரண்டும் ஒரே வியாதி அம்மா. உரத்தொட்டியை முதலில் வையுங்கள், சிங்க்குக்குக் கீழே இருக்கும் குவியல் தானாக நிற்கும்.

நான் வீட்டில் இட்லி மாவு அரைத்து விற்கிறேன். வாடகை வீடு. மொட்டை மாடியில் தண்ணீர்த் தொட்டிக்கு அடியில் ஒரு மூலையை வீட்டுக்காரம்மா விட்டுக்கொடுத்திருக்கிறார். பல வருடமாக அங்கே உரம் போடுகிறேன். அடுக்குப் பானை அழகாக இருக்கும், வேண்டாம் என்று சொல்ல மாட்டேன். ஆனால் லிஃப்ட் இல்லாத மூன்றாவது மாடிக்கு மண்பானை கனம்.

மூடியோடு இரண்டு காலி பெயிண்ட் பக்கெட் வாங்குங்கள், இருபது லிட்டர். பெயிண்ட் அடிப்பவர்களிடம் சொல்லி வைத்தாலே கிடைக்கும். தண்ணீரில் கரைக்கிற பெயிண்ட் இருந்ததாகப் பார்த்து எடுத்து நன்றாகக் கழுவுங்கள். கம்பியைச் சூடு பண்ணிப் பக்கவாட்டில் மூன்று வரிசை துளை, அடியில் நாலைந்து துளை. இரண்டு செங்கல் மேல் பக்கெட், செங்கல்லுக்கு நடுவே ஒரு பழைய தாம்பாளம். கீழ்வீட்டுக்காரர் துணிக்கு ஒன்றும் ஆகாது. உள்ளே ஈரம் சரியாக இருந்தால் தாம்பாளமும் காய்ந்தே கிடக்கும். சொட்டுகிறதென்றால் காய்ந்த பொருள் குறைவு என்று அர்த்தம்.

எல்லாமே அந்தக் காய்ந்த பொருளில்தான் இருக்கிறது. தென்னை நார்த்தூள் நர்சரியில் கட்டியாகக் கிடைக்கும். கொஞ்சமாகத் தண்ணீர் தெளித்து உதிர்த்து வெயிலில் காயவைத்து டப்பாவில் வைத்துக்கொள்ளுங்கள். அதைவிட மலிவு தெருவில் கிடக்கும் சருகு. புங்கை, வேம்பு, தூங்குமூஞ்சி இலைகள் சின்னது, சீக்கிரம் மக்கும். மாவிலை, பாதாம் இலை தோல் மாதிரி தடித்தவை, கையால் நொறுக்கிப் போட்டாலும் தாமதம்தான். வேம்பும் புங்கையும் உதிர்கிற மாசி, பங்குனியில் ஒரு சாக்கு பெருக்கிக் கட்டி வைத்தால் அடுத்த மழைக்காலம் வரைக்கும் கவலையில்லை. பெருக்குகிற தூய்மைப் பணியாளரிடம் கேட்டுப் பாருங்கள், சந்தோஷமாகக் கொடுப்பார். அவருக்கும் ஒரு சுமை குறைகிறது.

அடியில் இரண்டு அங்குலம் சருகு. மேலே அன்றைய காய்த்தோல், பெரிதாக இருந்தால் நறுக்கி. அதன் மேல் தோலின் அளவுக்கோ கொஞ்சம் கூடுதலாகவோ சருகு அல்லது நார்த்தூள். தோல் கண்ணுக்குத் தெரியவே கூடாது. முதல் தடவை ஒரு பிடி தோட்டத்து மண் தூவுங்கள். புளித்த மோர், வெல்லக் கரைசல், சாணம் என்று யூடியூபில் ஆளுக்கொரு மந்திரம் சொல்கிறார்கள். மோர் தெளித்தால் கெடுதல் ஒன்றும் இல்லை, ஆனால் மக்க வைக்கும் நுண்ணுயிர் அந்த மண்ணிலேயே இருக்கிறது. இரண்டு மூன்று நாளுக்கு ஒரு முறை ஒரு குச்சியால் அடிவரை கிளறிவிடுங்கள். காற்று போக வேண்டும்.

தழைச்சத்து (நைட்ரஜன், காய்த்தோலில் அதிகம்) ஒரு பங்குக்குக் கரிச்சத்து (கார்பன், சருகில் அதிகம்) முப்பது பங்கு இருந்தால் நன்றாக மக்கும் என்று வேளாண்மைப் புத்தகங்களில் எழுதியிருக்கும். மாவு அரைக்கிற வீட்டில் அதையெல்லாம் யார் அளப்பது? மூக்கு போதும். சிறுநீர் நெடி அடித்தால் காய்த்தோல் அதிகமாகிவிட்டது. அழுகின முட்டை நாற்றம் என்றால் தண்ணீர் அதிகம், காற்று இல்லை. இரண்டுக்கும் மருந்து ஒன்றுதான்: சருகைக் கொட்டிக் கிளறு. ஈரம் புட்டு மாவுப் பதத்தில் இருக்க வேண்டும். பிடித்தால் பிடி நிற்கணும், உதிர்த்தால் உதிரணும்.

புழு வரும். மாமியாரிடம் இதை மறைக்காதீர்கள். தட்டையாக, பழுப்பு வெள்ளையில், வரி வரியாக இருக்கும். அது வீட்டு ஈயின் புழு இல்லை, பிளாக் சோல்ஜர் ஃப்ளை என்கிற ஈயின் புழு. காய்த்தோலை வெறியாகத் தின்று தீர்க்கும். அந்த ஈ வளர்ந்த பிறகு வீட்டு ஈ மாதிரி நம் சாப்பாட்டை மொய்க்காது. புழு முற்றினால் கறுத்து, தானே வெளியேறப் பார்க்கும். மூடியை இறுக்கமாக வைத்தால் பால்கனியில் ஊர்ந்து திரியாது. பிடிக்கவே இல்லையா, சருகு மூடாக்கைக் கனமாகப் போடுங்கள், புழு குறைந்துவிடும். எங்கள் மாடியில் மைனாக்களுக்கு இதுதான் காலைப் பலகாரம்.

வெள்ளையாகப் பூஞ்சை படர்ந்தால் நல்ல சகுனம், துடைக்க வேண்டாம். சூடாக இருந்தாலும் நல்லதே, ஆனால் சின்னப் பக்கெட்டில் பெரிய சூடு ஏறாது. அதனால் தக்காளி, பாகல், பப்பாளி விதைகள் சாகாமல் பிழைத்து, உரம் போட்ட தொட்டியிலெல்லாம் முளைக்கும். பிடுங்கவும் மனசு வராது.

எதைப் போடலாம்? காபிச் சக்கை தாராளமாக. முட்டை ஓட்டை நொறுக்கி. முருங்கைக்காய்ச் சக்கை, வாழைப்பூ மடல், கறிவேப்பிலைக் காம்பு எல்லாம் மக்கும், கொஞ்சம் மெதுவாக. தேங்காய் நாரைப் பிய்த்தால் அதுவே சருகுக்கு மாற்று. சிரட்டையும் மாங்கொட்டையும் வேண்டாம், வருடக்கணக்கில் அப்படியே கிடக்கும். எலுமிச்சைத் தோலும் புளிச்சக்கையும் அளவாக. பூவில் நூலை உருவிவிட்டுப் போடுங்கள், மாலையில் சுற்றிய ஜிகினா பிளாஸ்டிக். சோறு ஒரு கைப்பிடிக்கு மேல் வேண்டாம், எண்ணெய் மிதக்கிற குழம்பு வேண்டவே வேண்டாம். மீன், கோழிக் கழிவும் எலும்பும் பால்கனித் தொட்டிக்கு ஒத்துவராது. எலியும் பூனையும் வந்துவிடும். அதை மட்டும் பேப்பரில் பொதிந்து, வண்டி வருகிற காலையில் கொடுத்துவிடுங்கள்.

பக்கெட் நிரம்ப நீங்கள் நினைப்பதைவிட நாளாகும், உள்ளே அமுங்கிக்கொண்டே போகும். நிரம்பியதும் மூடி ஓரமாக வைத்துவிட்டு இரண்டாவதை ஆரம்பியுங்கள். முதல் பக்கெட் நாற்பத்தைந்து நாளிலிருந்து இரண்டு மாதத்துக்குள் கறுத்து உதிரியாகி, மண் வாசனை வரும். சலித்து எடுத்துக்கொண்டு கப்பியை மறுபடி உள்ளே போடுங்கள்.

கவரைப் பற்றி என் வியாபாரத்திலிருந்து ஒன்று. நான் மாவைக் கவரில் தருவதில்லை. பாத்திரம் கொண்டுவந்தால் அளந்த பிறகு ஒரு கரண்டி கூடுதல். விலையில் இரண்டு ரூபாய் குறைப்பதைவிடக் கண்ணெதிரே விழுகிற அந்தக் கரண்டிக்குத்தான் மதிப்பு. மறந்து வந்தவர்களுக்கு எவர்சில்வர் தூக்கு கொடுத்து அதற்கு முன்பணம் வாங்கிக்கொள்வேன். அடுத்த தடவை தூக்கோடு வருவார்கள். கறிக்கடையிலும் இதேபோல் டப்பாவை நீட்டுங்கள். முதலில் காலி டப்பாவைத் தராசில் வைத்து எடையைச் சைபராக்கச் சொல்லுங்கள். அதைச் சொல்லத் தயங்கித்தான் பாதிப் பேர் கவரோடு திரும்புகிறார்கள்.

மஞ்சப்பையைப் பீரோவிலிருந்து எடுத்து வண்டிச் சாவி மாட்டுகிற ஆணியில் மாட்டுங்கள். கணவர் வண்டி டிக்கியில் ஒன்று. உங்கள் ஹேண்ட்பேக்கில் ஒன்று. மறந்துபோய்க் கோயம்பேட்டில் நின்றால் மெஷினில் பத்து ரூபாய் போட்டால் ஒரு மஞ்சப்பை வரும். அரசாங்கம் 2021 டிசம்பரில் "மீண்டும் மஞ்சப்பை" ஆரம்பித்ததைத் தொடர்ந்து வைத்த மெஷின்கள் அவை.

காயலான் கடை (வியாசர்பாடி):

அக்கா ஈரத்தைப் பற்றிச் சொன்னதற்கு ஒரு சாட்சி வேண்டுமென்றால் நான் இருக்கிறேன். அப்பா காலத்திலிருந்து எடைக்கு எடுக்கிற கடை எங்களுடையது.

எங்களிடம் விலை போவது: நியூஸ் பேப்பர், நோட்டுப் புத்தகம், அட்டை. பெட் பாட்டில், அதாவது தண்ணீர் பாட்டில், கூல்டிரிங்ஸ் பாட்டில். ஷாம்பு, ஃபினாயில் வருகிற கெட்டி பாட்டில் வேறு ரகம், அதை ஹெச்.டி என்போம். உடைந்த பக்கெட், குடம், நாற்காலி தனி. தகரம், அலுமினியம், பித்தளை, செம்பு இதெல்லாம் உங்களுக்கே தெரியும். பால் கவருக்கும் விலை உண்டு. அது எல்.டி சரக்கு, நல்ல பிளாஸ்டிக். பலர் அதைத் தெரியாமலேயே தூக்கிப் போடுகிறார்கள்.

பால் கவரை வெட்டும்போது மூலையைத் துண்டாக நறுக்காதீர்கள். பாதி வெட்டித் தொங்க விடுங்கள். அந்தக் குட்டி முக்கோணம் யார் கையிலும் சிக்காது, சாக்கடைக்குத்தான் போகும். காலியானதும் அரை டம்ளர் தண்ணீர் ஊற்றிக் குலுக்கி (அந்தத் தண்ணீரைத் துளசிக்கே ஊற்றலாம்), துணிக்கொடியில் கிளிப் போட்டு உலர்த்தி அடுக்குங்கள். ஒரு மாதக் கவர் ஒரு சின்னப் பையில் அடங்கிவிடும். கழுவாமல் கட்டி வைத்தால் இரண்டு நாளில் வீடே புளிக்கும், நாங்களும் எடுக்க மாட்டோம்.

விலை போகாதது: தெர்மாகோல், பிஸ்கட் கவர், சிப்ஸ் கவர், ஷாம்பு பாக்கெட், பேப்பர் கப். சிப்ஸ் கவர் பார்க்க ஒரே தாளாகத் தெரியும். உள்ளே இரண்டு மூன்று ரகம் ஒட்டியிருக்கும், பிரித்து உருக்க வழியில்லை. பேப்பர் கப்பிலும் உள்பக்கம் பிளாஸ்டிக் பூச்சு. தமிழ்நாட்டுத் தடைப் பட்டியலில் அதுவும் உண்டு, நிறையப் பேருக்குத் தெரியாது. துணி மாதிரி தெரிகிறதே, நான்-ஓவன் பை, ஜவுளிக்கடையில் தருவார்கள், அதுவும் பிளாஸ்டிக்தான், அதுவும் பட்டியலில் இருக்கிறது. "இத்தனை மைக்ரான் தடிப்பு, அதனால் பரவாயில்லை" என்று கடைக்காரர் சொன்னால் நம்பாதீர்கள். நம் மாநிலத் தடை கேரி பேக்கின் தடிப்பைப் பார்ப்பதில்லை.

கேரி பேக்கை ஏன் எடுப்பதில்லை என்று கேட்பார்கள். சலசலவென்று சத்தம் போடுகிற மெல்லிய கவர் ஒரு கிலோ சேர நூற்றுக்கணக்கில் வேண்டும். வந்து சேருவதில் பாதி எடை அழுக்கும் தண்ணீரும். சுத்தமாக, காய்ந்து, ஒரே ரகமாகக் கொண்டுவந்தால் சில கடைகளில் எடுப்பார்கள், விலை ஒன்றும் பெரிதாக இருக்காது. கறுப்புக் கவர் எதனால் கறுப்பு தெரியுமா? பல கலர் பழைய பிளாஸ்டிக்கைச் சேர்த்து உருக்கினால் ஒரு கேவலமான நிறம் வரும். அதை மறைக்கத்தான் கறுப்பு. அதில் கறி வாங்குகிறவர்களைப் பார்த்தால் எங்கள் தொழிலில் இருப்பவனுக்கே குமட்டும்.

பெருங்குடியில் பழைய குப்பையைத் தோண்டிச் சலிக்கிறார்கள், பயோமைனிங் என்று. மண் ஒரு பக்கம், கல் ஒரு பக்கம், கிழிந்த கவரும் துணியும் ஒரு பக்கம். அந்தக் கவரும் துணியும் சிமெண்ட் ஆலைச் சூளைக்கு எரிபொருளாகப் போகின்றன. நம் கவருக்கு அதுதான் கடைசி ஊர், அதுவும் தோண்டி எடுத்தால்.

இன்னொன்று. உடைந்த கண்ணாடி, பிளேடு, ஊசி இதையெல்லாம் பேப்பரில் கெட்டியாகச் சுற்றி மேலே எழுதிக் கொடுங்கள். பிரிக்கிற பெண்கள் வெறுங்கையால் பிரிக்கிறார்கள். டியூப் லைட்டில் பாதரசம் இருக்கிறது, உடைக்காமல் தனியாகக் கொடுங்கள். பேட்டரி, காலாவதி மாத்திரையும் அப்படியே.

மதுரைக்காரன்:

கவரை ரோடு போடப் பயன்படுத்துகிறார்களே, அதை யாரும் சொல்லவில்லையே! எங்கள் ஊர் தியாகராசர் பொறியியல் கல்லூரிப் பேராசிரியர் வாசுதேவன் கண்டுபிடித்த முறை. 2018இல் பத்மஸ்ரீ கொடுத்தார்கள். கவரைத் துண்டு துண்டாக வெட்டி, நூற்று அறுபது டிகிரிக்கு மேல் சூடேற்றிய ஜல்லியின் மேல் தூவினால் உருகிப் பூச்சாகப் படியும். அதன் மேல் தார். தாரும் மிச்சம், தண்ணீரும் சீக்கிரம் உள்ளே இறங்காது. காயலான் கடை அண்ணன் கழித்துவிடுகிற சிப்ஸ் கவர்கூட இதற்கு ஆகும். பி.வி.சி மட்டும் ஆகாது, சூட்டில் விஷ வாயு வரும்.

ஆனால் இதற்கும் கவர் காய்ந்து சுத்தமாக வர வேண்டும். அக்கா சொன்ன இடத்துக்கே திரும்பி வருகிறோம்.

கூடவே ஒரு எச்சரிக்கை. சோளமாவுப் பை, மக்கும் பை என்று பச்சை எழுத்தில் விற்கிறார்கள். அதை உரப் பக்கெட்டில் போட்டுவிடாதீர்கள். பெரிய உர ஆலையின் சூட்டில் மக்கும்படி செய்தது அது. உங்கள் பக்கெட்டில் கிழிசலாக அப்படியே கிடக்கும்.

மாடிவீட்டுக்காரி (மடிப்பாக்கம்):

இவ்வளவு விவரம் வரும் என்று எதிர்பார்க்கவில்லை, எல்லோருக்கும் நன்றி. மாவுக்கார அக்கா எழுதியதை மாமியாருக்கு முழுவதும் வாசித்துக் காட்டினேன். மைனா கதை அவருக்குப் பிடித்துவிட்டது. நிபந்தனை இரண்டு: துளசிக்குப் பக்கத்தில் வைக்கக் கூடாது, கிளறுவது என் வேலை.

அக்கா, இன்னும் சில சந்தேகங்கள். ஐப்பசி, கார்த்திகை மழையில் சாரல் பால்கனி முழுக்க அடிக்கும், அப்போது என்ன செய்வது? தீபாவளிக்குத் தென்காசி போனால் பத்து நாள் வீடு பூட்டியிருக்கும். எங்களிடம் இருப்பது இரண்டே செடி, உரம் மிஞ்சினால்? அப்புறம் நாப்கினைக் கவர் இல்லாமல் எப்படிப் போடுவது?

மாவுக்கார அக்கா (மேற்கு மாம்பலம்):

மாமியாருக்கு என் வணக்கம் சொல்லுங்கள்.

மழைக்கு, பக்கெட்டை வாஷிங் மெஷின் பக்கமாக உள்ளே தள்ளுங்கள், மூடி மேல் ஒரு பழைய தட்டைக் கவிழ்த்து வையுங்கள். அந்த இரண்டு மாதம் காற்றிலேயே ஈரம் இருப்பதால் சருகு தன் பங்குக்கு ஈரம் குடித்திருக்கும். வழக்கத்தைவிட அதிகம் போட வேண்டும். அதற்குத்தான் முன்கூட்டியே சாக்கில் கட்டி வைக்கச் சொன்னேன். சித்திரை வெயிலில் நேர் எதிர். மேற்கு வெயில் விழுகிற உங்கள் பால்கனியில் பக்கெட் காய்ந்து வேலை நின்றுவிடும், ஒரு கை தண்ணீர் தெளிக்க வேண்டியிருக்கும். எறும்பு வந்தால் காய்ந்துவிட்டது என்று தெரிந்துகொள்ளலாம்.

ஊருக்குப் போவதற்கு முந்தின நாள் நன்றாகக் கிளறி, மேலே நாலு அங்குலம் சருகு போட்டு மூடிவிட்டுப் போங்கள். பத்து நாளில் ஒன்றும் ஆகாது. கிளம்புகிற அன்று வாழைத்தாரைக் காலி பண்ணித் தோலையெல்லாம் உள்ளே திணிக்காமல் இருந்தால் சரி.

உரம் மிஞ்சினால் கீழே தெருமரத்து அடியில் கொட்டுங்கள். மாடித்தோட்டம் வைத்திருப்பவர்களுக்குத் தெரிந்தால் வந்து வாங்கிக்கொண்டு போவார்கள். எங்கள் தெருவில் எனக்கு உரத்துக்குப் பதில் கீரை வருகிறது. உங்கள் துளசிக்கும் வெறும் உரத்தில் நடாதீர்கள், மண்ணோடு நாலில் ஒரு பங்கு கலந்தால் போதும்.

நாப்கினைப் பழைய பேப்பரில் சுற்றி நூல் கட்டி, மேலே சிவப்பு மையில் ஒரு பெருக்கல் குறி போட்டுத் தனியாகக் கொடுங்கள். கையில் வாங்குகிறவருக்கு உள்ளே என்ன என்று தெரிந்துவிடும், பிரித்துப் பார்க்க மாட்டார். டயபரும் அப்படித்தான். காய்ந்த குப்பைக் கூடைக்கும் அடியில் ஒரு நியூஸ் பேப்பர் விரித்தால் போதும்.

சிங்க்குக்குக் கீழே இருக்கும் பழைய குவியலை ஒரே நாளில் வெளியே தள்ள வேண்டாம். மீன், கோழிக் கழிவுக்குப் பேப்பர் தாங்காத அன்று அதிலிருந்து ஒன்று எடுங்கள். புதிதாக உள்ளே வராமல் பார்த்துக்கொண்டால் அது தீர்ந்துபோகும்.

சந்தேகப்பேர்வழி:

வண்டி விஷயத்தில் என் கருத்து மாறவில்லை. பிரித்துக் கொடுப்பதைப் பிரித்து எடுத்துப் போகாதவரை நான் கேட்டுக்கொண்டேதான் இருப்பேன். ஆனால் மாதம் முழுக்கப் பால் கவரைத் தூக்கிப் போட்டிருக்கிறோம் என்று வீட்டில் சொன்னால் என் மனைவி விலை கேட்டு வரச் சொல்கிறாள். காயலான் கடை அண்ணே, கிலோ என்ன விலை?

காயலான் கடை (வியாசர்பாடி):

விலை ஏறும் இறங்கும் சார், இன்று ஒன்று சொல்லி நாளைக்கு வேறு கொடுத்தால் சண்டைக்கு வருவீர்கள். அம்பத்தூரோ ஆவடியோ, உங்களுக்குப் பக்கத்துக் கடையில் கேளுங்கள். கொண்டுபோகும் முன்பு ஒரு கவரை உள்ளே கை விட்டுத் தொட்டுப் பாருங்கள். ஈரம் இருந்தால் எடையில் கழிப்பார்கள். எண்ணெய் பாக்கெட்டை மட்டும் அதில் கலந்துவிடாதீர்கள், ஒன்று இருந்தாலும் மொத்த மூட்டையும் பிசுபிசுத்துவிடும்.